மஞ்சள் வந்த கடல்வழி

என் தம்பியை அடக்கம் செய்த இடத்தை எங்கள் வீட்டில் ஒருவரும் இதுவரை கண்ணால் பார்த்ததில்லை. எங்கள் ஊர் மன்னார்த் தீவின் வடகரையில் இருக்கிறது. அவன் கிடப்பது எதிர்க்கரையில், இராமேஸ்வரத்துக்குக் கிட்ட உள்ள ஒரு மீனவ ஊரின் சேமக்காலையில். நல்ல எஞ்சின் பூட்டிய வள்ளமென்றால் காலைச் சாப்பாட்டுக்கும் மத்தியானச் சாப்பாட்டுக்கும் இடையில் போய்த் திரும்பிவிடலாம் என்று எங்கள் ஆட்கள் சொல்வார்கள். அவனுடைய மனைவி, என் மச்சாள், அந்தக் குழியடியில் ஒரு மெழுகுதிரி கொளுத்தி, ஒருமுறை வாய்விட்டு அழுதுவிட்டு வர வேண்டும் என்று இத்தனை வருடமாகக் கிடந்து மாய்கிறாள். அவள் கேட்பது அவ்வளவுதான். அதைப் பற்றித்தான் எழுதுகிறேன். இடையில் எனக்குக் கோபம் வரும், பொறுத்துக்கொள்ளுங்கள். எனக்குப் பிறவியிலேயே வாய் கொஞ்சம் நீளம்.

அவன் எதற்காகக் கடலில் போனான் என்று கேட்டால் சிரிப்பீர்கள். மஞ்சளுக்காக. கறிக்குப் போடுகிறோமே, அந்த மஞ்சளுக்காக.

எனக்கு ஊருக்குள் தூள் அரைக்கிற சின்ன மில் ஒன்று இருக்கிறது. மிளகாய், மல்லி, மஞ்சள் என்று வறுத்துக் கொண்டுவந்து தருவார்கள், அரைத்துக் கொடுப்பேன். எனவே மஞ்சளுக்குத் தட்டுப்பாடு வந்த கதை எனக்கு எல்லோருக்கும் முதலில் தெரியும். நாட்டில் டொலர் குறைந்துகொண்டு போகிறது, இறக்குமதியைக் குறைக்க வேண்டும் என்று கொழும்பில் முடிவெடுத்தார்கள். கார் வராது என்றார்கள். சரி, எங்களில் யார் கார் வாங்க நின்றோம்? பிறகு மஞ்சளும் வராது என்றார்கள். நாட்டுக்குள்ளேயே பயிரிடலாமாம். மஞ்சள் என்ன கீரைப்பிடியா, இன்றைக்குத் தூவிவிட்டு நாளைக்குக் கிள்ள? மண்ணுக்குள் கிடந்து முற்ற மாதக்கணக்காகும். அதுவரை சனம் கறிக்கு எதைப் போடும் என்று அந்தக் கடதாசியில் கையெழுத்து வைத்த மனிதர் ஒரு நிமிடம் யோசித்திருப்பாரா என்பது எனக்கு இன்னும் தெரியாது.

நானும் உயர்தர வகுப்பில் பொருளியல் படித்தவள்தான். சென்மதி நிலுவை, இறக்குமதிக் கட்டுப்பாடு, பெறுமதியிறக்கம் எல்லாம் பாடமாக்கி எழுதிச் சித்தியும் பெற்றேன். நாட்டில் வெளிநாட்டுக் காசு குறைந்தால் அவசியமில்லாத பொருட்களை நிறுத்த வேண்டும் என்று அதில் இருக்கும். எது அவசியம், எது இல்லை என்று யார் தீர்மானிப்பது என்பது அதில் இருந்த ஞாபகம் இல்லை. அதுவும் பாருங்கள், கொரோனா வந்த நேரம். மஞ்சள் குடித்தால் நோய் அண்டாது என்று சனம் முழுவதும் மஞ்சளுக்குத் திரிந்தது. வாசலில் மஞ்சள்தண்ணீர் தெளிக்காத வீடு எங்கள் ஒழுங்கையில் இல்லை. கடைக்காரர்கள் மேசைக்குக் கீழே வைத்து, முகம் பார்த்து, சின்னச் சின்னச் சரையாகக் கட்டிக் கொடுத்தார்கள். சிலர் கோதுமை மாவில் சாயத்தைக் கலந்து விற்றார்கள். அதைப் போட்டு மீன் கழுவினால் கையெல்லாம் பசை பிடிக்கும்.

என் தம்பி மஞ்சள் யாவாரி இல்லை. அவன் நண்டு வலைக்காரன். எங்கள் கடலில் படுகிற நீலக்கால் நண்டைக் கம்பனிக்காரர் கரையிலேயே வாங்கி, அவித்து, சதையெடுத்து, பெட்டியில் அடைத்து அமெரிக்காவுக்கு அனுப்புவார்கள். நாங்கள் நண்டைத் தின்றதைவிட அந்த நாட்டுச் சனம் தின்றதுதான் அதிகம். நோய் வந்து அங்கே சாப்பாட்டுக் கடைகளைப் பூட்டினார்கள். விமானங்களும் நின்றன. கம்பனி லொறி வருவதை நிறுத்தியது. பிடித்த நண்டைக் கரையில் கொட்டிவிட்டு நிற்கிறான் என் தம்பி. நாங்கள் அவித்துத் தின்றோம், அயலுக்குக் கொடுத்தோம், மிச்சம் நாறியது. ஒரு நண்டு வலையைப் புதுப்பிக்க என்ன செலவாகும் என்று தொழில் செய்கிறவனுக்குத்தான் தெரியும். அவனுக்கு மனைவியும், பாலர் பள்ளிக்குப் போகிற ஒரு பெண்பிள்ளையும் இருந்தார்கள்.

ஒருநாள் மில்லுக்கு வந்து வாசலில் நின்றுகொண்டு தலையைச் சொறிந்தான். அவன் தலையைச் சொறிந்தால் ஏதோ வினை இருக்கிறது என்று எனக்குத் தெரியும்.

“அக்கா, அங்காலை மஞ்சள் மலிவு. நடுக்கடலிலை வந்து தாறாங்கள். எங்கடை ஊரிலை கனபேர் போகினம்.”

“போறவன் போகட்டும். உனக்கென்ன விசரோ?”

“நண்டு அங்காலை போகுதில்லையே. மஞ்சளாவது இங்காலை வரட்டுமன்.”

“நேவி பிடிச்சால்?”

“மூட்டையைத் தண்ணியிலை விட்டிட்டு, வலை எடுக்கிற ஆள்மாதிரி நிப்பன்.”

“கண்டறியாத மஞ்சள்! மஞ்சள் கடத்தினவன் எண்டு நீ மறியலுக்குப் போனால் நான் என்னெண்டடா கோயிலுக்குள்ளை தலைநிமித்திப் போறது? ஒரு மரியாதையான களவுகூட உனக்குக் கிடைக்கேல்லையே?”

அவன் விழுந்து விழுந்து சிரித்தான். “களவெண்டு சொல்லாதைங்கோ அக்கா. கறிச்சாமான்” என்றான். எனக்கும் சிரிப்பு வந்தது. அதுதான் அவனோடு பெரிய தொல்லை, கோபத்தைப் பிடித்து வைத்திருக்க விடமாட்டான். ஆனால் அந்த மஞ்சளில் ஒரு துண்டும் என் மில்லுக்குள் வரக்கூடாது என்று சொல்லிவிட்டேன். அவன் கொண்டுவரவும் இல்லை. எருக்கலம்பிட்டியில் பலசரக்கு யாவாரம் செய்கிற ஒரு நானாவிடம் கொடுத்தான். அவர் தொண்ணூறில் இயக்கம் முஸ்லிம் சனத்தை வடக்கிலிருந்து வெளியேற்றியபோது எல்லாவற்றையும் விட்டுவிட்டுப் போய், புத்தளத்தில் இருந்துவிட்டு, திரும்பி வந்து கடையைப் புதிதாகத் தொடங்கிய மனிதர். தம்பியை விட வயது கூட, நல்ல நிதானமான ஆள். எதிர்க்கரைக்காரரோடு போனில் பேசி ஒழுங்கு செய்வதும் அவர்தான்.

கொஞ்ச நாள் ஒரு வில்லங்கமும் இல்லாமல் ஓடியது. மச்சாள் சிரித்த முகமாக இருந்தாள். பிறகு வாடைக்காற்றுத் தொடங்கியது. எங்கள் வடகடல் வாடைக்குத்தான் பொல்லாதது.

அன்று மத்தியானம் நான் கணவாய்க் கறி வைத்துக்கொண்டு தம்பி வீட்டுக்குப் போயிருந்தேன். அவன் விடியப்புறமே கடலால் வந்து படுத்து எழும்பியிருந்தான். மஞ்சள் வாங்கி வரும்போது நேவிப் படகின் சத்தம் கேட்டதாம். மூட்டைகளை வலைக்கல்லோடு சேர்த்துக் கட்டிக் கடலில் இறக்கிவிட்டு வெறும் வள்ளத்தோடு வந்துவிட்டேன், பிறகு போய் எடுப்பேன் என்று சொல்லிக்கொண்டு சோற்றைப் பிசைந்தான். பிசைந்த கை அப்படியே நின்றது.

“என்னப்பா?” என்றாள் மச்சாள்.

“ஐயோ மாதாவே” என்றான். “கொடியோடை விட்டிட்டன்.”

எங்கள் ஆட்கள் கடலில் எதை இறக்கினாலும் கொடிக்கம்பு கட்டாமல் இறக்கமாட்டார்கள். வலையின் இரண்டு முனையிலும் ஒரு மிதப்பு, அதில் ஒரு கம்பு, கம்பின் உச்சியில் ஒரு துணி. தூரத்தில் துணியைப் பார்த்தே இது இன்னாருடைய வலை என்று சொல்லிவிடுவார்கள். என் தம்பியின் கொடி, மச்சாளின் பழைய சிவப்புச் சட்டைத் துணி, வெள்ளைப் புள்ளி போட்டது. ஊருக்கே தெரியும். பயந்தடித்து மூட்டையை இறக்கியபோதும் அவனுடைய கை, சின்ன வயதிலிருந்து செய்த வேலையை அப்படியே செய்திருக்கிறது. கல்லைக் கட்டியது, இறக்கியது, கொடியையும் கட்டியது. ஒளிக்கப் போனவன் தன் பெயரை எழுதி நட்டுவிட்டு வந்தமாதிரித்தான். உலகத்தில் எந்தக் கள்ளனாவது இப்படிச் செய்வானா? எங்கள் ஆட்கள்தான் செய்வார்கள்.

நேவிக்காரர் கொடியை இழுத்துப் பார்த்தால் மூட்டை வரும். கொடியைக் காட்டிக் கரையில் கேட்டால் ஆள் வரும். அவன் எழும்பிக் கையைக் கழுவினான்.

“காத்தடிக்குது, போகாதை” என்றேன்.

“கொடியை மட்டும் அறுத்தெறிஞ்சிட்டு வாறன் அக்கா. மூட்டை கிடந்தால் கிடக்கட்டும்.”

“தனியப் போகாதை. அவனையும் கூட்டிக்கொண்டு போ” என்றேன். கூடத் தொழிலுக்குப் போகிறவனைத்தான் சொன்னேன். அவனோ நோய்க்காரரோடு புழங்கினான் என்று வீட்டுக்குள் அடைபட்டுக் கிடந்தான். வேறு ஆளைக் கேட்கவும் இவனுக்கு வெட்கம். கொடியோடு விட்ட கதையைச் சொன்னால் ஊர் முழுக்கச் சிரிக்குமே. மச்சாள் அவனுடைய சட்டையைப் பிடித்து இழுத்தாள். எங்கள் ஊர் விளையாட்டுக் கழகத்தின் உதைபந்தாட்டச் சட்டை. “சோத்தை மூடி வையும், வந்து தின்னுறன்” என்று அவளுக்குச் சொல்லிவிட்டு, “போட்டு வாறன் அக்கா” என்று எனக்குச் சொல்லிவிட்டுப் போனான்.

வரவில்லை.

பொழுதுபடுகிற நேரம் கோயில் மணி அடித்தது. எங்கள் ஊரில் ஒருவன் கடலில் காணாமல் போனால் ஆள் கிடைக்கும்வரை ஒரு வள்ளமும் தொழிலுக்குப் போகாது, எல்லாம் தேடத்தான் போகும். நோய்க்காலம், கூட்டம் கூடக்கூடாது என்ற கட்டளை, எல்லாவற்றையும் மறந்து கரையில் சனம் நின்றது. நேவிக்காரரும் தேடினார்கள், அதையும் சொல்லத்தான் வேண்டும். கவிழ்ந்த வள்ளத்தைக் கண்டுபிடித்தார்கள். சிவப்புக் கொடியை மட்டும் ஒருவரும் காணவில்லை. ஆகவே அவன் போய்ச் சேர்ந்து கொடியை அறுத்துவிட்டுத்தான் திரும்பியிருக்கிறான். திரும்புகிற வழியில்தான் கடல் அவனை எடுத்திருக்கிறது.

தேடித் தேடிக் களைத்த ஒரு காலையில் எருக்கலம்பிட்டி நானா மோட்டார்சைக்கிளில் வந்தார். வீட்டுக்குள் வரவில்லை, வேலியோடு நின்று என்னைக் கூப்பிட்டார். அவருடைய போனில் ஒரு படம் இருந்தது.

“தங்கச்சி, மனதைத் திடப்படுத்திக்கொண்டு பாருங்கோ. அங்காலைக் கரையிலை ஒதுங்கினதாம். மஞ்சள் தந்த பெடியன்தான் அனுப்பினவன்.”

முகத்தை நான் பார்க்கவில்லை. சட்டையைப் பார்த்தேன். ஓம் என்றேன். நானா தலையைக் குனிந்துகொண்டு, “நான் வேண்டாமெண்டு சொல்லியிருக்க வேணும்” என்று திரும்பத் திரும்பச் சொன்னார். அவரைத் திட்ட வேண்டும்போல் இருந்தது. அவர் அழுகிற முகத்தைப் பார்த்ததும் விட்டுவிட்டேன்.

அந்த எதிர்க்கரைத் தம்பியோடு நானே பேசினேன். மீன்பிடிக்கிறவன், எங்களைப்போல வேதக்காரன், கத்தோலிக்கன், குரலைக் கேட்டால் இளவயதுதான். நான் அவனிடம் கெஞ்சினேன்.

“தம்பி, மஞ்சள் கொண்டுவந்து தந்தனீங்கள்தானே. அதே வழியாலை என்ரை தம்பியையும் கொண்டுவந்து தாங்கோ. நடுக்கடலுக்கு எங்கடை ஆக்கள் வருவினம்.”

அவன் சொன்னான், “அக்கா, சரக்குன்னா ஆபத்து வந்தா கடல்ல போட்டுட்டு ஓடிரலாம். இவர எப்பிடிக்கா போடுறது?”

அதோடு நான் கேட்பதை நிறுத்திவிட்டேன்.

நேர்வழியிலும் கேட்டுப் பார்த்தோம். விதானையார் கடிதம் தந்தார். கச்சேரிக்கு, அரசாங்க அதிபரின் கந்தோருக்கு, போனோம். சென்னையில் உள்ள எங்கள் நாட்டுத் துணைத் தூதரகத்துக்குப் பங்குச் சுவாமி போன் எடுத்துப் பேசினார். எல்லோரும் இரக்கமாகத்தான் பேசினார்கள், ஒருவரையும் குறை சொல்வதற்கில்லை. விமானம் ஓடவில்லை, நோய்க்காலம், உடலும் தண்ணீரில் கிடந்த உடல், வைத்திருக்க இயலாது. ஒரு மூட்டை மஞ்சளுக்கு இரண்டு நாட்டுக்கும் நடுவில் வழி இருந்தது. செத்த மனிதனுக்கு இல்லை. அங்கேயே அடக்கம் செய்யச் சம்மதம் என்று மச்சாள் கையெழுத்து வைத்தாள். பேனா பிடித்த கையை நான்தான் பிடித்துக்கொண்டேன்.

அந்த ஊர் ஆட்கள் எங்கள் தம்பியை அவர்கள் வீட்டுப் பிள்ளைபோல எடுத்து அடக்கம் செய்தார்கள். போனில் காட்டினார்கள். பெட்டியைத் தூக்கிக்கொண்டு மணலில் நடக்கிறார்கள், யாரோ ஒரு பெண் எங்களுக்காக அழுகிறாள், சுவாமியார் தண்ணீர் தெளிக்கிறார். குழிக்குள் இறக்கப் போகிற நேரம் சிக்னல் அறுந்துவிட்டது. மச்சாள் போனைத் தட்டித் தட்டிப் பார்த்தாள். திரும்ப வந்தபோது மண் மூடியாகிவிட்டது. அன்றுதான் அவள் முதல் தடவையாகச் சொன்னாள், “மச்சாள், நான் ஒருக்கால் அங்கை போகவேணும். போய் ஒரு திரி கொளுத்தவேணும். நான் இன்னும் அழேல்லை.”

இனிச் சொல்லப்போவது எனக்கு மிகக் கஷ்டமான பகுதி.

அடக்கம் நடந்து சில வாரங்களில் வாடை இன்னும் உக்கிரமாகி, எங்கள் கரையில் மஞ்சள் ஒதுங்கத் தொடங்கியது. கடலுக்கடியில் கிடந்த மூட்டைகள் கிழிந்துவிட்டன போலும். ஊறிப் பெருத்து, கறுத்துப்போன மஞ்சள் துண்டுகள், பாசியோடும் சிப்பியோடும் கிடந்தன. சனம் பொறுக்கியது. அது என் தம்பியுடைய மூட்டைதான் என்று யார் சொல்வது? கடத்தப் போனவர்கள் கனபேர், இறக்கிவிட்டு வந்தவர்களும் கனபேர். பொறுக்கியதைக் கழுவி, பாயில் போட்டுக் காயவைத்தார்கள். காய்ந்ததும் எங்கே கொண்டுவருவார்கள்? ஊரில் ஒரே ஒரு மில்.

எங்கள் ஒழுங்கையில் இருக்கிற ஒரு பெண் பையோடு வந்து நின்றாள். நான் பையைப் பிரித்தேன். உப்பு மணம் முகத்தில் அடித்தது.

“எங்கையடி எடுத்தனீ?” என்றேன்.

அவள் தரையைப் பார்த்தாள்.

“வெட்கமில்லையோ உனக்கு? அறுவாளே, என்ரை தம்பியைத் திண்ட மஞ்சளை என்னட்டையே அரைக்கக் கொண்டுவாறியே!” பையைத் தூக்கி வெளியே எறிந்தேன். துண்டுகள் வாசலெல்லாம் சிதறின. அவள் குந்தியிருந்து ஒவ்வொன்றாகப் பொறுக்கினாள். பொறுக்கிக்கொண்டே, “கடையிலை வாங்க வழியில்லை அக்கா. பிள்ளைக்குக் காய்ச்சல். குடிக்கக் குடுக்கத்தான்” என்றாள்.

நான் பையை வாங்கி அரைத்துக் கொடுத்தேன். அரைக்கிற நேரம் முழுக்க அழுதுகொண்டே நின்றேன். அவளும் அழுதாள். கூலி வாங்கவில்லை. பிறகு அதேமாதிரிக் கொண்டுவந்த எல்லோருக்கும் அரைத்துக் கொடுத்தேன். மச்சாள் வீட்டுக்கு மட்டும் அந்தத் தூள் போய்விடக்கூடாது என்று ஒவ்வொருவரிடமும் கேட்டுக்கொண்டேன்.

மச்சாள் சேர்க்கத் தொடங்கினாள். வெளிநாட்டில் கடைகள் திறந்ததும் கம்பனி லொறி திரும்பவும் வந்தது. அவித்த நண்டைப் பிரித்துச் சதையெடுக்கிற வேலைக்குப் போனாள். ஓடு கீறி விரல் நுனியெல்லாம் வெடித்திருக்கும், உப்புப் பட்டால் எரியும். இரண்டு பேருக்கு டிக்கெட், தனக்கும் மகளுக்கும். கடவுச்சீட்டு, விசா, கொழும்புக்குப் போகிற செலவு. எல்லாவற்றையும் டவுனில் டிக்கெட் போடுகிற கடையில் விசாரித்து வைத்துக்கொண்டு, மிச்சம்பிடித்து மிச்சம்பிடித்து வங்கியில் போட்டாள். ஒரு நல்ல சீலை வாங்கவில்லை. திருநாளுக்குக்கூட மகளுக்கு மட்டும்தான் உடுப்பு. “இன்னும் கொஞ்சம்தான் மச்சாள்” என்று ஒருநாள் வந்து சொன்னாள். அவள் முகத்தில் கன நாளைக்குப் பிறகு ஒரு வெளிச்சம்.

அந்தக் கிழமைதான் ரூபாய் விழுந்தது.

விழுந்தது என்று சொல்கிறோம், உண்மையில் விட்டுவிட்டார்கள். அதுவரை டொலரின் விலையை ஓரிடத்தில் இறுக்கிப் பிடித்து வைத்திருந்தார்கள். கையில் டொலர் முடிந்ததும் பிடியை விட்டார்கள். மச்சாள் டிக்கெட் கடைக்குப் போனால், கடைக்காரர் போன கிழமை சொன்ன விலையைக் கேட்டுச் சிரிக்கிறார். பேருந்து ஏறி நேரே என் மில்லுக்கு வந்தாள். வெயிலில் வந்தவள், தண்ணீர்கூடக் குடிக்கவில்லை.

“மச்சாள், நான் அதிலை ஒரு சதமும் எடுக்கேல்லையே. என்னெண்டு குறைஞ்சது?”

பொருளியல் படித்தவள் நான். பெறுமதியிறக்கம் என்றால் என்ன என்று பக்கம் பக்கமாக எழுதியவள். ரூபாயின் பெறுமதி இறங்கினால் ஏற்றுமதி கூடும், நாட்டுக்கு நல்லது என்று எழுதினால் புள்ளி கிடைக்கும். நண்டு விலையும் ஏறத்தான் செய்தது, பொய் சொல்லக்கூடாது. ஆனால் மண்ணெண்ணெய் இல்லை. டொலர் இல்லாததால் எண்ணெய்க் கப்பல் வரவில்லை, எண்ணெய் இல்லாததால் வள்ளம் போகவில்லை, வள்ளம் போகாததால் நண்டு இல்லை, நண்டு இல்லாமல் மச்சாளுக்கு வேலையும் இல்லை. இதையெல்லாம் அவளுக்குச் சொன்னேன். அவள் என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள். “அப்ப அந்தக் காசை நான் வங்கியிலை போடாமல் மஞ்சள் வாங்கி வச்சிருந்தால் குறைஞ்சிருக்காதோ?” என்று கேட்டாள். நக்கலுக்குக் கேட்கவில்லை. உண்மையாகவே கேட்டாள்.

பிறகு வந்த மாதங்களில் அந்தக் காசு மாவாகவும் பால்மாவாகவும் போனது. எரிவாயுவுக்கு வரிசை, எண்ணெய்க்கு வரிசை, பாணுக்கு வரிசை. எங்கள் பக்கத்திலிருந்து சில குடும்பங்கள் பசி தாங்காமல் குஞ்சுகுருமானோடு வள்ளம் ஏறின. அதே கரைக்குத்தான். நடுவில் உள்ள மணல்திட்டில் இறக்கிவிட்டால் அந்த நாட்டுக்காரர் வந்து ஏற்றிக்கொண்டு போய் முகாமில் விடுவார்களாம். மச்சாள் ஒருநாள் என் பக்கத்தில் வந்து இருந்து, மெல்லமாகக் கேட்டாள், “நானும் ஏறட்டோ?”

“விசர்க்கதை கதையாதை!”

“முகாமிலை விட்டால் என்ன? கிட்டத்தானே. ஒருநாளைக்கு விடமாட்டினமோ, போய்ப் பார்த்திட்டு வாறதுக்கு?”

“பிள்ளையையும் கொண்டு கடலிலை இறங்கப்போறியோ? இந்தக் கடல் ஒரு ஆளை எடுத்தது காணாதோ?” என்று கத்தினேன். ஊருக்குக் கேட்கட்டும் என்றே கத்தினேன். நான் மறித்தது சரி என்றுதான் இன்றைக்கும் சொல்வேன். போயிருந்தால் பார்த்திருப்பாளோ என்று நினைக்காத நாளும் இல்லை.

காலம் மெல்லமாக இளகியது. எண்ணெய் வந்தது. நண்டு போனது. மஞ்சளும் மலிந்துவிட்டது, நாட்டுக்குள்ளேயே விளைந்து, சந்தையில் குவித்து வைத்து வாங்க ஆளில்லாமல் விற்றார்கள். நான் அந்தக் குவியலைத் தாண்டிப் போகும்போது முகத்தை மறுபக்கம் திருப்பிக்கொள்வேன். ஒரு ஆளை விழுங்கிவிட்டு இப்போது ஈ மொய்த்துக்கொண்டு கிடக்கிறது, சனியன்.

மச்சாள் திரும்ப முதலில் இருந்து தொடங்கினாள். காங்கேசன்துறையிலிருந்து இந்தியாவுக்குக் கப்பல் விடுகிறார்கள், விமானத்தைவிட மலிவு என்று கேள்விப்பட்டதும் அவளுக்குக் கால் நிலத்தில் நிற்கவில்லை. கப்பல் சில நாள் ஓடியது, சில நாள் காற்று என்று நின்றது, திரும்ப ஓடியது. கடவுச்சீட்டுக்கு வரிசையில் நின்று, இரண்டையும் எடுத்துவிட்டாள். அலுமாரியில் சீலைக்கடியில் வைத்திருந்தாள். நான் போகும்போதெல்லாம் எடுத்துக் காட்டுவாள். மகள் அதற்குள் வளர்ந்துவிட்டாள். அப்பாவின் முகம் அவளுக்குப் படத்தில் பார்த்த முகம்தான்.

இந்த வருடம், தவக்காலத்தில், அந்த எதிர்க்கரைத் தம்பி எனக்குப் போன் எடுத்தான். என் இலக்கம்தான் அவனிடம் இருக்கிறது. திருநாள் பெருநாளுக்கு எடுத்துக் கதைப்பான். அன்றைக்குக் குரல் சரியில்லை.

“அக்கா, ஒண்ணு சொல்லணும். கோவிச்சுக்காதீங்க. எங்க ஊருல எடம் சின்னதுக்கா. கல்லறை கட்டாத குழின்னா, கொஞ்ச வருஷம் போனா அதே குழியில அடுத்தவங்கள வைக்கிறதுதான் வழக்கம். நீங்க வருவீங்க வருவீங்கன்னு சொல்லிச் சொல்லித்தான் நிறுத்தி வச்சிருந்தேன். போன வாரம் ஒரு கொழந்த தவறிப்போச்சு. நான் கடலுக்குப் போயிருந்தேன். வந்து பாத்தா…”

“சரி தம்பி” என்றேன். “நீங்கள் என்ன செய்யிறது? நீங்கள் செய்தது காணும்.”

“அந்தப் புள்ளையோட அம்மா தெனமும் போறாங்கக்கா. அண்ணனுக்கும் சேத்துப் பூ வைக்கச் சொல்லியிருக்கேன்.”

எத்தனையோ நாள் இதை மறைத்து வைத்திருந்தேன். கப்பல் டிக்கெட் எடுக்கப் போகிறேன் என்று மச்சாள் வந்து நின்ற அன்று சொல்லாமல் இருக்க முடியவில்லை. அங்கே போய் நின்று பார்த்து இடிந்து விழுவதைவிட, இங்கே என் மடியில் விழட்டும் என்று சொல்லிவிட்டேன்.

அவள் கத்தவில்லை. கதிரையில் இருந்தாள். சீலைத் தலைப்பால் வெடித்த விரல்களை ஒவ்வொன்றாகத் துடைத்தாள்.

“ஆம்பிளைப்பிள்ளையோ, பொம்பிளைப்பிள்ளையோ?” என்று கேட்டாள்.

“கேக்கேல்லை.”

“தாய் ஒவ்வொரு நாளும் வாறாவாமோ?”

“ஓம்.”

வெளியே யாரோ கூப்பிட்டார்கள், நான் எழும்பவில்லை.

“அது அவவின்ரை பிள்ளையின்ரை குழி, மச்சாள்” என்றாள். “நான் இனி ஆரிட்டைக் கேட்டு அதிலை அழுறது?”

அவளைப் பிடித்துக்கொண்டு நான்தான் அழுதேன். அவள் இன்னும் அழவில்லை.